பொதுநலன் கருதி ஒரு புறா

தம்பி, உங்கள் பையில் அச்சடித்திருக்கும் புறாவைப் பற்றி ஒரு பிழையைத் திருத்த வேண்டியிருக்கிறது. பேருந்து திருநெல்வேலி போய்ச் சேர நேரம் கிடக்கிறது, நீங்களும் ஜன்னலோரம் வசமாக மாட்டியிருக்கிறீர்கள். புறா சமாதானப் பறவை என்று உலகம் நம்புகிறது. உலகம் நம்புவதில் பெரும்பகுதி தவறு. அதில் இது தலையாயது. பைபிள் கதையில் பிரளயம் ஓய்ந்தபின், தண்ணீர் வடிந்துவிட்டதா, தரை தெரிகிறதா என்று பார்த்து வரச் சொல்லிப் பேழையிலிருந்து ஒரு புறாவை அனுப்பினார்கள். அது ஓர் இலையைக் கொத்திக்கொண்டு திரும்பியது. இதில் சமாதானம் எங்கே வந்தது? யாருக்கும் யாருக்கும் சண்டை? ஆள் போக முடியாத இடத்துக்குப் போய், நிலவரம் பார்த்து, தடயத்தோடு திரும்புவதற்குத் தமிழில் நல்ல சொல் ஒன்று இருக்கிறது. வேவு. உங்கள் பையில் இருப்பது ஓர் ஒற்றன், தம்பி. அதன் தலைக்கு மேலே ‘மனித உரிமை மாநாடு’ என்று வேறு போட்டிருக்கிறது.

சிரிக்காதீர்கள். நம் பக்கத்துக் கதை மட்டும் என்ன வாழ்ந்தது? ஒரு புறாவைக் காப்பாற்றத் தன் தொடைச்சதையை அரிந்து தராசில் வைத்தான் ஒரு சோழன். ராஜாவின் கருணையைப் பற்றிப் பட்டிமன்றம் வரைக்கும் பேசிவிட்டார்கள். புறா யார் என்று ஒருவரும் கேட்கவில்லை. அது மாறுவேடத்தில் வந்த தேவன். போலி அடையாளம். ராஜா விசாரிக்கவில்லை, வெட்டுப்பட்டான். அவ்வளவுதான் அந்தக் கதையின் நீதி.

நான் ஆவுடையப்பன். சார்பதிவாளராக இருந்து ஓய்வு பெற்றவன். ஆயுள் முழுக்க மற்றவர்களின் பத்திரங்களில் பிழை கண்டுபிடித்துத் திருப்பி அனுப்பியிருக்கிறேன். ஊர், கடற்கரையை ஒட்டியது. அங்கே கடலோர விழிப்புக் குழு என்று ஒன்று அமைத்தார்கள். மீன்காரர்கள், ஐஸ் கம்பெனிக்காரர்கள் எல்லாரும் உறுப்பினர்கள். எழுதத் தெரிந்த ஆள் ஒருவன் வேண்டுமே, என்னைச் செயலாளராகப் போட்டார்கள். எல்லாருக்கும் ஒரு தொப்பி. மற்றவர்கள் அதை வெயிலுக்குப் போட்டுக்கொண்டார்கள். நான் ஒருவன்தான் பொறுப்புக்காகப் போட்டுக்கொண்டேன். அதோடு எங்கள் கரைக்கென்று ஒரு சிறப்புப் பாதுகாப்புச் சட்டமும் வந்தது. சந்தேகம் வந்தால் ஆளைப் பிடித்து வைத்து விசாரிக்கலாம். கலெக்டர் கையெழுத்துப் போட்டுவிட்டால் ஒரு வருஷம் உள்ளே. வழக்கு இல்லை, வாய்தா இல்லை. உங்களுக்கு முகம் சுருங்குகிறது. சுருங்கும். பை அப்படி.

எனக்கு அடுத்த வீடு சேசடிமை. படகு எஞ்சின் பழுது பார்க்கிறவன். கெட்டவன் என்று சொல்ல மாட்டேன், ஆதாரம் இல்லை. மாடியில் கூண்டு கட்டிப் பந்தயப் புறா வளர்க்கிறான். அந்த விளையாட்டு உங்களுக்குத் தெரியாது, முகத்தைப் பார்த்தாலே தெரிகிறது. புறாக்களைக் கூடையில் அடைத்து லாரியில் ஏற்றி, ஆந்திரா, ஒரிசா என்று கொண்டுபோய்த் திறந்துவிடுவார்கள். எது முதலில் சொந்தக் கூண்டுக்குத் திரும்புகிறதோ அது ஜெயித்தது. காலில் எண் போட்ட வளையம் இருக்கும். நடுவில் யாரும் ஆள்மாறாட்டம், அதாவது புறாமாறாட்டம், செய்துவிடக் கூடாதென்று கிளம்பும் இடத்தில் இறக்கைக்கு அடியில் ஒரு முத்திரை குத்தி அனுப்புவார்கள். மீசை வைத்த பெரிய மனிதர்கள் பந்தய நாளில் அண்ணாந்து பார்த்துக் கழுத்து சுளுக்கி நிற்பார்கள். புறா வந்ததும் விசில், கட்டிப்பிடிப்பது, அழுகை. ஒரு பறவை வீட்டுக்கு வந்ததற்கு! நான் தினமும் அலுவலகத்திலிருந்து வீட்டுக்கு வந்திருக்கிறேன். ஒருவரும் விசிலடித்ததில்லை.

அந்தப் புறாக்கள் எங்கள் மாடிக்கும் வரும். என் மனைவி உலகம்மை வெயில் காலத்தில் மாடியில் வேட்டி விரித்துக் கூழ்வற்றல் பிழிவாள். அதன்மேல் நடந்து, அதன்மேல் உட்கார்ந்து, அதன்மேல்... வேண்டாம், நீங்கள் இனிமேல்தான் சாப்பிடப் போகிற பிள்ளை. சேசடிமையிடம் சொன்னேன். “அண்ணாச்சி, வானத்துல போறதுக்கு நான் எங்கனகூடி வேலி போட?” என்றான். சிரித்துக்கொண்டே சொன்னான். அவன் பெண்டாட்டி ஜெசிந்தா வேட்டியை வாங்கிக்கொண்டு போய்த் துவைத்துக் கொடுத்தாள். துவைத்தால் வற்றல் திரும்பி வருமா? சரி, அது வேறு விஷயம். அதற்கும் நான் சொல்ல வந்ததற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. நாம் பேசுவது தேசப் பாதுகாப்பு.

சித்திரை வெயில். ஒரு நாள் காலையில் மாடிக்குப் போனால், வற்றல்மேல் சாம்பல் நிறத்தில் ஒரு புறா, பட்டா வாங்கிய மாதிரி நிற்கிறது. கூடையைப் போட்டுக் கவிழ்த்தேன். கையில் எடுத்தால் காலில் வளையம். வளையத்தில் எழுத்தும் எண்ணும். இறக்கையைத் தூக்கினால் அடியில் முத்திரை. நீங்களாக இருந்தால் பறக்க விட்டிருப்பீர்கள். அதனால்தான் உங்களுக்குப் பை கொடுத்தார்கள், எனக்குத் தொப்பி கொடுத்தார்கள்.

“அடுத்த வீட்டுப் புறாதானே, விடுங்க” என்றாள் உலகம்மை.

“அதை நீ நிரூபிக்க முடியுமா?”

“நெத்தியில வெள்ளைப் பொட்டு இருக்கு பாருங்க. தெனமும் வாரதுதான்.”

“வெள்ளைப் பொட்டு ஓர் ஆவணமா?”

அவள் எச்சம் படாத வற்றலைப் பொறுக்கப் போய்விட்டாள். சட்ட அறிவு இல்லாதவர்களிடம் இது ஒரு வசதி, ஒரு கேள்வியில் முடிந்துவிடும்.

அன்றைக்கே மனு எழுதினேன். ‘கடல் திசையிலிருந்து வந்ததாகக் கருதப்படும் பறவை’ என்று எழுதினேன். ‘கருதப்படும்’ என்பதைக் கவனியுங்கள். பார்த்தேன் என்று நான் எழுதவில்லை. எங்கள் ஊரில் எந்தப் பக்கம் திரும்பினாலும் கடல் திசைதான். வெறும் புகாராக இருந்தால் போலீசுக்கு விளங்காது என்று, போர்க்களங்களில் புறாக்கள் சேதி கொண்டுபோன வரலாற்றையும் சேர்த்தேன். இறக்கை அடியில் எழுதுவது, கால் வளையத்தில் சங்கேதம் வைப்பது, திறந்துவிட்ட புறாவைப் பின்தொடர்ந்து எதிரியின் இருப்பிடத்தைக் கண்டுபிடிப்பது, எல்லாம். முடிவாக ஒரு வாக்கியம் வைத்தேன். சொல்லட்டுமா? ‘தேசம் என்பது வீடு, தனிமனித உரிமை என்பது அதன் ஜன்னல். திருடன் நடமாடும் காலத்தில் ஜன்னலைச் சாத்தி வைப்பதே குடும்பஸ்தனுக்கு அழகு.’ எப்படி? உங்கள் மாநாட்டில் இப்படி ஒரு வாக்கியம் யாராவது பேசினார்களா?

இன்ஸ்பெக்டர் பால்வண்ணன் மறுநாளே ஜீப்போடு வந்துவிட்டார். சேசடிமை கையெல்லாம் கிரீஸோடு வாசலில் நின்றான். ஏட்டு அவன் தோளைப் பிடித்ததும் என்னைப் பார்த்தான்.

“அண்ணாச்சி, நம்ம புறான்னு ஒரு வார்த்தை சொல்லுங்க அண்ணாச்சி.”

நம்ம புறாவாம்! என்னையும் கூட்டுப் பட்டாவில் சேர்க்கிறான் பாருங்கள். விசாரணையில் குறுக்கிடக் கூடாது என்ற ஒரே காரணத்துக்காக நான் வாயைத் திறக்கவில்லை. ஜீப் போய்விட்டது. கூண்டில் இருந்த புறாக்களை மீன் பெட்டியில் அடைத்து எடுத்துக்கொண்டு, கூண்டுக் கதவைப் பூட்டி அரக்கு முத்திரை வைத்தார்கள். முத்திரை கோணலாக வைத்தார்கள். சுட்டிக்காட்டினேன். யாரும் காதில் வாங்கவில்லை.

அடுத்த நாள் ஜெசிந்தா வந்தாள். உட்காரச் சொன்னால் உட்காரவில்லை. உலகம்மை கொடுத்த காபியையும் தொடவில்லை.

“அண்ணாச்சி, பேப்பர் கலெக்டருக்குப் போவப் போவுதாம். போயிட்டா ஒரு வருசமாம். நீங்க ஸ்டேஷன்ல வந்து, இது பக்கத்து வீட்டுப் புறாதான்னு ஒரே வார்த்தை சொன்னாப் போதும்.”

அவளுக்குப் பொறுமையாக விளக்கினேன். அரசியலமைப்பின் இருபத்திரண்டாவது பிரிவு கைது செய்யப்பட்டவனுக்குச் சில உரிமைகளைக் கொடுக்கிறது. அதே பிரிவு, தடுப்புக் காவலில் வைக்கப்பட்டவனுக்கு அந்த உரிமைகள் பொருந்தாது என்றும் சொல்கிறது. ஒரு கையால் கொடுத்து மறு கையால் எடுப்பதில் எவ்வளவு நேர்த்தி பாருங்கள். எழுதியவர்கள் சாமானியர்கள் இல்லை.

“எனக்குப் பிரிவெல்லாம் தெரியாது அண்ணாச்சி” என்றாள். “அந்தப் புறா ஒங்க மாடில வந்து நிக்கது எனக்குத் தெரியும், ஒங்களுக்குத் தெரியும், மதினிக்குத் தெரியும். தெரியாத ஆளு போலீசு மட்டும்தான்.”

“தப்பு செய்யாதவன் எதற்கம்மா பயப்பட வேண்டும்?”

“தப்பு செஞ்சவன் எதுக்குப் பயப்படுதான்? அவனுக்கு வக்கீலு இருக்கான்.”

படிக்காதவர்கள் இப்படித்தான் தம்பி. தர்க்கத்துக்குப் பதில் ஒரு சொலவடை. அவள் போனதும் உலகம்மை என்னிடம், “ஒரு வார்த்தைதானே கேக்கா” என்றாள். “வார்த்தை என்பது சாட்சியம். சாட்சியத்தைத் தாம்பாளத்தில் வைத்து வெற்றிலை பாக்கு மாதிரிக் கொடுக்க முடியாது” என்றேன். நன்றாகத்தான் சொன்னேன். அவள் காபி டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

இப்போது முக்கியமான கட்டம். பால்வண்ணன் என் மனுவை முழுவதும் படித்திருக்கிறார். அந்த மட்டுக்கும் அவர் பரவாயில்லை. பிடிபட்ட புறாவைத் திறந்துவிட்டுப் பின்தொடர்வது என்று முடிவு செய்தார். என் யோசனைதான். கடற்கரையில் ஜீப் தயார், கடலுக்குள் போனால் துரத்த ஒரு படகும் தயார். நான் தொப்பி போட்டுக்கொண்டு ஜீப்பின் முன் இருக்கையில் உட்கார்ந்தேன். ஏட்டு கூடையைத் திறந்தார். புறா மேலே போய் ஒரு வட்டம் அடித்தது. எல்லாரும் கடலைப் பார்த்தோம். புறா ஊரைப் பார்த்தது.

ஓட்டினோம் தம்பி, ஓட்டம். மீன் சந்தைக்குள்ளே, மாதா கோயில் முக்கில், ஐஸ் வண்டி குறுக்கே நிற்கிறது, பால்வண்ணன் ஹாரனை அமுக்குகிறார், ஏட்டு கழுத்தை வெளியே நீட்டி, “சார் ரைட்ல, சார் லெப்ட்ல” என்று கத்துகிறார். பெண்கள் எல்லாம் அண்ணாந்து பார்க்கிறார்கள். கடைசியில் ஜீப் எங்கள் தெருவிலேயே வந்து நின்றது. புறா சேசடிமையின் கூண்டுமேல் உட்கார்ந்தது.

“பாத்தியளா சார்!” என்றார் பால்வண்ணன். என் கையைக் குலுக்கினார். அந்தத் தெருவில் அன்றுவரை ஒருவரும் என் கையைக் குலுக்கியதில்லை.

அத்தோடு விட்டிருக்கலாம். ஆனால் கூண்டுக் கதவில் அரக்கு முத்திரை. புறா கதவைக் கொத்திப் பார்த்தது. சுற்றி வந்து கொத்தியது. பிறகு கைப்பிடிச் சுவரைத் தாண்டி எங்கள் மாடிக்கு வந்தது. உச்சிவேளை. நான் ஜீப்பில் போய்விட்டதால் உலகம்மையே காக்காய்க்குச் சோறு வைத்திருந்தாள். புறா நிதானமாகச் சாப்பிட்டது. சாப்பிட்டுவிட்டு எங்கள் தண்ணீர்த் தொட்டிமேல் ஏறி இறகைக் கோத ஆரம்பித்தது.

பால்வண்ணன் கொஞ்ச நேரம் அதைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

“சார், இது யார் வீடு?”

“என் வீடு.”

“அப்ப அது ஒங்க வீட்டுக்கு வந்திருக்கு.”

“அதற்கு முன்னால் அந்த வீட்டில் உட்கார்ந்ததே!”

“அங்க உட்காந்துச்சு சார். இங்கதான சாப்பிடுது.”

இந்த நாட்டில் காவல்துறைக்குத் தர்க்கவியல் ஒரு பாடமாக வைக்கப்படாததன் விளைவு இது. அரை மணியில் என் புத்தகங்களை உரச்சாக்கில் கட்டி ஜீப்பில் ஏற்றினார்கள். என்னையும் ஏற்றினார்கள். இந்தத் தடவை பின்னால்.

ஸ்டேஷனில் விசாரணை. ஏட்டு கேட்டார்: “தெனமும் மத்தியானம் மாடில ஏறி ஒரு மாதிரி கொரல் குடுக்கியளாமே? தெருவுல எல்லாரும் சொல்லுதாவ.”

“கா கா என்று காக்காயைக் கூப்பிடுவேன். எல்லா வீட்டிலும் செய்வதுதானே! பித்ருக்களுக்கு வைக்கிற சோறு.”

“காக்காயக் கூப்பிட்டா புறா வருது. அதான் இடிக்குது” என்றார் பால்வண்ணன். “சரி, ஒரு புறா றெக்கைக்கு அடியில சேதி எழுதலாம்னு ஒங்களுக்கு எப்படித் தெரியும்?”

“படித்தேன்.”

“யாரு படிக்கச் சொன்னா?”

“யாரும் சொல்லவில்லை. நானாகப் படித்தேன்.”

“ரிட்டையர் ஆன மனுசன், யாரும் சொல்லாம, இவ்வளவு படிச்சிருக்கீங்க” என்றார். அதை எழுதிக்கொள்ளச் சொன்னார்.

எனக்குக் கோபம் வந்துவிட்டது. எந்தச் சட்டத்தில், எந்தப் பிரிவில், என்ன காரணத்துக்காக என்னை வைத்திருக்கிறீர்கள், எழுத்தில் கொடுங்கள் என்றேன். நான் வக்கீலைப் பார்க்க வேண்டும் என்றேன். பால்வண்ணன் மேஜையிலிருந்து என் மனுவை எடுத்தார். கடைசிப் பக்கத்தைத் திருப்பினார். “‘தேசம் என்பது வீடு, தனிமனித உரிமை என்பது அதன் ஜன்னல்’” என்று வாசித்தார். முழுவதும் வாசித்தார். ஒரு சொல் பிசகவில்லை, காற்புள்ளியில் நிறுத்தினார். அந்த நிலைமையிலும் நான் அதைக் கவனித்தேன்.

உள்ளே கொண்டுபோய் விட்டார்கள். சேசடிமை தரையில் உட்கார்ந்திருந்தான். தாடி முளைத்திருந்தது. என்னைப் பார்த்ததும் எழுந்து, “வாங்க அண்ணாச்சி” என்று பாயைத் தட்டிப் போட்டான். கல்யாண வீட்டில் வரவேற்கிற மாதிரி! இடம், பொருள், ஏவல் தெரியாத ஜென்மம்.

“இப்பவாவது சொல்லுதியளா அண்ணாச்சி?” என்றான்.

“இப்போது சொன்னால் என்னைக் காப்பாற்றிக்கொள்ளச் சொன்னதாக ஆகிவிடும். சாட்சியத்தின் மதிப்பே போய்விடும்.”

“அப்ப எனக்காவ சொன்ன மாதிரி சொல்லுங்க.”

“உனக்காகச் சொல்ல எனக்கு என்ன தகுதி? நான் இப்போது சந்தேகத்துக்குரிய ஆள்.”

 அவன் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான். நியாயம் சொன்னால் தூக்கம் வருகிறது இவர்களுக்கு.

மறுநாள் மத்தியானம் பேப்பர் கலெக்டருக்குக் கிளம்ப இருந்தது. அவன் பெயருக்குக் கீழே என் பெயரையும் தட்டச்சு செய்துவிட்டார்கள். கீழே, கவனியுங்கள். அப்போது ஸ்டேஷன் வாசலில் பேச்சுக்குரல். உலகம்மை. கூடவே ஜெசிந்தா. எங்கள் வீட்டில் போலீஸ் ஸ்டேஷன் படியேறிய முதல் பெண் அவள்தான். நேரே பால்வண்ணன் மேஜைக்கு முன்னால் போய் நின்றாள்.

“அது இவ வீட்டுப் புறா சார். நெத்தியில பொட்டு இருக்கும். தெனமும் எங்க மாடிக்கு வரும், நான்தான் அதுக்குத் தனியாச் சோறு வைப்பேன். அன்னைக்கு வத்தல்ல எச்சம் போட்டுட்டு. இவுஹ கூடையப் போட்டுக் கவுத்துட்டு மனு எழுதிட்டாஹ. வேற ஒண்ணும் கெடையாது.”

“ஏம்மா, இத மொதல்லயே சொல்லலாம்லா?”

“நீங்க என்கிட்ட கேக்கலயே. எங்க வீட்ல எழுதுதது அவுஹ.”

பால்வண்ணன் முதலில் சிரிக்கவில்லை. “வத்தலா?” என்று ஒரு தடவை கேட்டார். பிறகு சிரித்தார். ஏட்டு சிரித்தார். வெளியே பாஸ்போர்ட் விசாரணைக்கு வந்து உட்கார்ந்திருந்தவன்கூடச் சிரித்தான். தேசப் பாதுகாப்பு சந்தி சிரித்தது தம்பி. சத்தியப் பிரமாணம் இல்லை, குறுக்கு விசாரணை இல்லை, ஒரு பெண்பிள்ளை வந்து வற்றல் என்கிறாள், உடனே ஆளை விட்டுவிடுகிறார்கள்! சேசடிமையை விட்டார்கள், சரி. என்னையும் அதே மூச்சில் விட்டார்கள். சாயங்காலத்துக்குள் என் வாதத்தாலேயே நான் வெளியே வந்திருப்பேன். அந்த வாய்ப்பைக் கெடுத்துவிட்டாள். புத்தகங்களை மட்டும் மாவட்ட அலுவலகத்துக்கு அனுப்பிவிட்டார்களாம். இன்னும் வந்து சேரவில்லை.

அதற்காகச் சட்டத்தைக் குறை சொல்வேன் என்று எதிர்பார்க்காதீர்கள். சட்டம் நல்ல சட்டம். அதை யார்மேல் பிரயோகிக்கிறார்கள் என்பதில்தான் கோளாறு. ஓய்வுபெற்ற அரசு அதிகாரிகள், படித்தவர்கள், வரி பாக்கி இல்லாதவர்கள், இவர்களுக்கு ஒரு விலக்கு வைத்துவிட்டால் தீர்ந்தது. அதை விளக்கித்தான் புதிதாக ஒரு மனு எழுதியிருக்கிறேன். கொடுக்கத்தான் போகிறேன். நீங்கள் விரும்பினால் வாசித்துக் காட்டுவேன். ஆனால் இதோ, வண்ணாரப்பேட்டை வந்துவிட்டது, திருநெல்வேலிக்குள் நுழைந்துவிட்டோம்.

சேசடிமையா? அதே வீட்டில்தான் இருக்கிறான். கூண்டைப் பிரித்துவிட்டான். பார்த்தால் தலையை ஆட்டுகிறான்.

வீட்டிலா? சௌக்கியம்தான். உலகம்மை அவள் தங்கச்சியோடு போனில் பேசிக்கொண்டிருப்பாள். நான் உள்ளே நுழைந்தால், “சரி, வைக்கேன்” என்று சொல்லி வைத்துவிடுவாள்.